கேம் ஃபைல் இருக்கிறது, பயாஸ் எங்கே?

போன மே மாதம், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம். வேலூர் வெயிலைப் பழகியவர்கள் அந்த நேரத்தில் வெளியே தலை காட்டமாட்டார்கள். ஆனால் என் அக்கா மகன் சத்துவாச்சாரியிலிருந்து தோட்டப்பாளையம் வரைக்கும் சைக்கிள் மிதித்து வந்து வாசலில் நின்றான். கையில் ஆன்லைனில் வாங்கிய சின்ன கேம் கருவி. உள்ளங்கையில் அடங்கும், பழைய கேம்பாய் மாதிரியே இருக்கும்.

"இன்னா மாமா இது, கேம் ஃபைல் கீது, எமுலேட்டரும் கீது, ஓட மாட்டேங்குது. பயாஸ் மிஸ்ஸிங்னு காட்டுது. பயாஸ்னா இன்னா?"

முதலில் தண்ணீர் குடி என்றேன். அப்புறம் ஒரு பேப்பரை எடுத்து வரைந்து வரைந்து சொன்னேன். அன்றைக்கு அவனுக்குச் சொன்னதைக் கொஞ்சம் விரித்து இங்கே எழுதுகிறேன். பழைய கையடக்க கேம்களை போனிலோ கம்ப்யூட்டரிலோ ஓட்டிப் பார்க்க ஆசைப்படுகிற எல்லோரும் இந்த இடத்தில் ஒருமுறையாவது முட்டிக்கொண்டு நிற்கிறார்கள். பெரும்பாலோர் செய்கிற அடுத்த காரியம், கண்ட தளத்திலிருந்து கண்ட ஃபைலை இறக்குவது. அதற்கு முன்னால் அந்த ஃபைல் என்ன வேலை செய்கிறது என்று தெரிந்துகொண்டால் பாதிப் பேருக்கு அது தேவையே இல்லை என்று புரிந்துவிடும்.

மூன்று சாமான்கள்

ஒரு கேம் கருவியை ஆன் செய்ததும் அதன் சிப்புக்கு ஒன்றுமே தெரியாது. எந்த பட்டன் எங்கே இருக்கிறது, திரை எவ்வளவு அகலம், கேம் அடங்கிய கார்ட்ரிட்ஜ் என்ற சின்னப் பெட்டி செருகியிருக்கிறதா இல்லையா, எதுவும் தெரியாது. அதற்குத் தெரிந்தது ஒன்றுதான்: குறிப்பிட்ட ஒரு முகவரிக்குப் போய், அங்கே எழுதியிருக்கும் கட்டளையை எடுத்து அப்படியே செய்வது. அந்த முகவரியில் ஒரு சின்ன புரோகிராமைத் தொழிற்சாலையிலேயே பதித்து வைத்திருப்பார்கள். கருவி உயிர் பெற்று எழுந்து நிற்க அந்த புரோகிராம்தான் உதவுகிறது.

அதற்குப் பல பெயர்கள் உண்டு. மிகச் சின்னதாக, ஆரம்பித்து வைக்கிற வேலையை மட்டும் செய்தால் பூட் ரோம் என்பார்கள். கேமுக்கு நடுவிலும் உதவி செய்தால் பயாஸ். மெனு, பயனர் அமைப்பு, கடிகாரம் என்று பெரிதாக இருந்து, தேவைப்பட்டால் மாற்றி எழுதவும் முடிந்தால் ஃபர்ம்வேர். பயாஸ் என்ற சொல் கேம் உலகத்தில் பிறந்தது இல்லை. 1975-இல் சிபி/எம் என்ற பழைய கம்ப்யூட்டர் இயங்குதளத்துக்காக உண்டான சொல் அது. 1981-இல் வந்த ஐபிஎம் பிசி அதை ஊர் முழுக்கத் தெரிந்த சொல்லாக்கியது. எமுலேட்டர் பயன்படுத்துகிறவர்கள் இந்த மூன்றையும் கலந்துகட்டி பயாஸ் ஃபைல் என்றே சொல்கிறார்கள். நானும் இங்கே அப்படியே சொல்கிறேன்.

எமுலேட்டர் என்பது அந்தக் கருவியின் உடம்பைப் போலவே நடிக்கிற மென்பொருள். சிப் எப்படிக் கூட்டும், திரை எப்படிப் புள்ளி வைக்கும், பட்டனை அழுத்தினால் என்ன ஆகும் என்பதையெல்லாம் ஆராய்ந்து, எமுலேட்டர் எழுதுகிறவர்கள் சொந்தமாக எழுதுகிறார்கள். அது அவர்கள் உழைப்பு, அவர்கள் எழுத்து. கேம் ஃபைல் என்பது கார்ட்ரிட்ஜுக்குள் இருந்ததன் நகல். மூன்றாவதாகத்தான் பயாஸ் வருகிறது. அது கருவியைச் செய்த கம்பெனி எழுதிய புரோகிராம், அவர்களுக்கு உரிமையானது. அதை எடுத்து எமுலேட்டரோடு சேர்த்துக் கொடுத்தால் திருட்டு நகல் ஆகிவிடும். அதனால் எமுலேட்டர் எழுதுகிறவர் அந்த இடத்தைக் காலியாக விட்டு, நீங்களே கொண்டுவந்து வையுங்கள் என்று சொல்லிவிடுகிறார். மிஸ்ஸிங் என்று திரை காட்டுவது அந்தக் காலி இடத்தைத்தான்.

கோட்டை வாசல் காவல்காரர்

எல்லாக் கருவிகளிலும் பயாஸ் ஒரே வேலையைச் செய்வதில்லை. எனக்கு இது புரிவதற்கே பல நாள் ஆனது. புரிந்த பிறகுதான் எந்தக் கருவிக்கு அந்த ஃபைல் கட்டாயம், எதற்கு வேண்டாம் என்று பார்த்ததும் சொல்ல வந்தது.

முதல் கேம்பாயை எடுத்துக்கொள்வோம். நம்முடைய வட ஆற்காடு மாவட்டத்தை இரண்டாகப் பிரித்து திருவண்ணாமலையைத் தனி மாவட்டமாக்கிய அதே 1989-இல்தான் நின்டெண்டோ கம்பெனி அதை ஜப்பானில் விற்பனைக்குக் கொண்டுவந்தது. அதன் பூட் ரோம் வெறும் 256 பைட். தமிழில் ஒரு எழுத்தை கம்ப்யூட்டரில் சேமிக்கவே பொதுவாக 3 பைட் பிடிக்கும். அந்தக் கணக்கில் இந்தப் பத்தியில் இரண்டு வரியைக்கூட 256 பைட்டில் அடக்க முடியாது.

அந்த 256 பைட் என்ன செய்கிறது? நம் வேலூர்க் கோட்டையை நினைத்துக்கொள்ளுங்கள். சுற்றிலும் அகழி, உள்ளே போக ஒரே வாசல். அந்த வாசலில் நிற்கிற காவல்காரர்தான் பூட் ரோம். கேம்பாயை ஆன் செய்ததும் நின்டெண்டோ என்ற பெயர் மேலேயிருந்து மெதுவாக இறங்கி வரும், டிங் என்று ஒரு சத்தம் வரும். அந்தப் பெயர்ப் படம் கருவிக்குள்ளிருந்து வருகிறது என்றுதான் எல்லோரும் நினைப்போம். உண்மையில் அது கார்ட்ரிட்ஜிலிருந்து வருகிறது. ஒவ்வொரு கார்ட்ரிட்ஜிலும் அந்தப் படம் 48 பைட்டில் இருக்கும். காவல்காரர் அதை வாங்கித் திரையில் காட்டிவிட்டு, தன்னிடம் இருக்கும் பிரதியோடு ஒவ்வொரு பைட்டாக ஒப்பிட்டுப் பார்ப்பார். ஒரு பைட் மாறினாலும் கதவு திறக்காது, கருவி அங்கேயே நின்றுவிடும்.

கார்ட்ரிட்ஜில் தூசி அடைந்திருந்தால் அந்தப் பெயர் கோணல்மாணலாக, கட்டம் கட்டமாக வந்து நின்றுபோகும். எடுத்து ஊதிவிட்டு மறுபடி செருகுவோம். அதற்குக் காரணம் இதுதான். கார்ட்ரிட்ஜே இல்லாமல் ஆன் செய்தால் பெயருக்குப் பதில் கறுப்பாக ஒரு பட்டை இறங்கி வரும்.

கதவைத் திறந்துவிட்ட பிறகு அந்தக் காவல்காரர் செய்கிற கடைசி வேலை எனக்கு எப்போதும் ஆச்சரியம். தன்னையே ஆஃப் செய்துகொள்கிறார். தான் உட்கார்ந்திருந்த முகவரியை கார்ட்ரிட்ஜுக்கு விட்டுக்கொடுத்துவிட்டு மறைந்துவிடுகிறார். மறுபடி கருவியை அணைத்து ஆன் செய்யும்வரை அவரை யாரும் பார்க்க முடியாது. கேம் ஓடிக்கொண்டிருக்கும்போது அந்த 256 பைட்டைப் படிக்கலாம் என்று எந்த புரோகிராம் முயன்றாலும் கிடைக்காது. இதனால் கேம்பாய் வந்து 14 வருடம் வரை அந்தச் சின்ன புரோகிராமை யாராலும் வெளியே எடுக்க முடியவில்லை. கடைசியில் 2003-இல் ஒரு ஆர்வலர் சிப்பின் மேல்மூடியை அகற்றி, உள்ளே பதிந்திருக்கும் பிட்டுகளை மைக்ரோஸ்கோப்பில் பார்த்துப் பார்த்து எழுதி எடுத்தார். 256 பைட் என்றால் 2,048 பிட். ஒவ்வொன்றையும் கண்ணால் பார்த்து, பூஜ்ஜியமா ஒன்றா என்று குறித்திருக்கிறார். இந்தப் பொறுமையை நினைத்தால் எனக்குக் கையெடுத்துக் கும்பிடத் தோன்றும்.

சரி, நமக்கு என்ன தேவை? காவல்காரர் கதவைத் திறந்துவிட்டுப் போய்விடுகிறார்; கேம் ஓடும்போது அவருக்கு வேலை இல்லை. எமுலேட்டர் அந்த முதல் சில வினாடிகளைத் தாண்டி, கதவு திறந்த நிலையிலிருந்தே ஆரம்பித்தால் போதும். கேம்பாய் எமுலேட்டர்கள் பெரும்பாலும் அப்படித்தான் செய்கின்றன. கேம்பாய் கலரில் மட்டும் கொஞ்சம் வித்தியாசம் உண்டு. அதன் பூட் ரோம் சுமார் 2 கிலோபைட். பழைய கறுப்பு வெள்ளை கேம்களுக்கு வண்ணம் பூசுகிற வேலையும் அதனுடையதே. அந்த வண்ணத்தை அப்படியே பார்க்க வேண்டும் என்பவர்களுக்கு ஃபைல் உதவும். மற்றபடி வேண்டாம்.

கல்யாண மண்டபத்து ஸ்டோர் ரூம்

கேம்பாய் அட்வான்ஸ் வேறு ரகம். என் மருமகன் மாட்டிக்கொண்டது இங்கேதான், அதனால் இதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம்.

2001-இல் வந்த அந்தக் கருவியின் பயாஸ் 16 கிலோபைட், துல்லியமாக 16,384 பைட். இதுவும் ஆரம்பத்தில் வண்ண எழுத்துகளைப் பறக்கவிட்டு, பெயரைக் காட்டி, கார்ட்ரிட்ஜைச் சோதிக்கிறது. ஆனால் அதோடு ஓய்ந்துவிடாமல் கேம் ஓடுகிற நேரம் முழுக்கப் பக்கத்திலேயே இருந்து வேலை செய்கிறது.

ஆம்பூரிலிருந்து ஒரு பிரியாணி மாஸ்டரைக் கல்யாணத்துக்குப் பேசி வரவழைக்கிறீர்கள் என்று வையுங்கள். அவர் சீரகச் சம்பா அரிசியும் மசாலாவும் கொண்டுவருவார். அண்டா, குண்டான், கரண்டி, அடுப்பு எல்லாம் மண்டபத்தில் இருக்கும் என்ற நம்பிக்கையில்தான் வருவார். ஸ்டோர் ரூம்காரரிடம் போய் அந்தப் பெரிய அண்டாவைக் கொடுங்கள் என்று கேட்டால் வரவேண்டும். கேம் என்பது அந்த மாஸ்டர். பயாஸ் என்பது மண்டபத்து ஸ்டோர் ரூம்.

கேம்பாய் அட்வான்ஸின் ஸ்டோர் ரூமில் சுமார் 40 சாமான்கள் உண்டு. ஒவ்வொன்றுக்கும் ஒரு நம்பர். கேம் அந்த நம்பரைச் சொல்லிக் கூப்பிடும். 6 என்றால் வகுத்தல். 8 என்றால் வர்க்கமூலம். 17 என்றால் சுருக்கி வைத்த படத்தை விரித்துக் கொடுப்பது. வகுத்தலுக்குக்கூட ஏன் ஸ்டோர் ரூமுக்குப் போக வேண்டும் என்று மருமகன் கேட்டான். நல்ல கேள்வி. அந்தக் கருவியில் இருக்கிற ஆர்ம்7 சிப்புக்குக் கூட்டத் தெரியும், கழிக்கத் தெரியும், பெருக்கத் தெரியும். வகுக்க மட்டும் தனிக் கட்டளை கிடையாது. அந்த வேலையை பயாஸில் எழுதி வைத்துவிட்டார்கள். பத்தைக் கொண்டு வகுக்காமல் திரையில் மதிப்பெண்ணைக்கூட எழுத முடியாது. அதனால் கேம்கள் அடிக்கடி இந்தக் கதவைத் தட்டும்.

5-ஆம் நம்பரும் முக்கியம். திரை ஒரு வினாடிக்கு ஏறத்தாழ 60 முறை புதுப்பிக்கப்படும். கேம் தன் வேலையைச் சீக்கிரம் முடித்துவிட்டால், அடுத்த முறை திரை புதுப்பிக்கும் நேரத்தில் என்னை எழுப்பு என்று 5-ஐக் கூப்பிட்டுவிட்டுத் தூங்கப் போய்விடும். பேட்டரி மிச்சமாகும். இந்த நம்பருக்குப் பதில் வராவிட்டால் கேம் எழாது. திரை அப்படியே உறைந்து நிற்கும்.

இந்த ஸ்டோர் ரூமுக்குள் வெளியாட்கள் நுழைய முடியாது. பயாஸ் தானே ஓடும்போது மட்டும்தான் அதைப் படிக்கலாம். கேமிலிருந்து படிக்கப் போனால் சம்பந்தமில்லாத ஒரு மதிப்பு திரும்பி வரும். ஆனால் ஒரு சின்னப் பின்வாசல் திறந்து கிடந்தது. இசைக்கான சுருதிக் கணக்கைப் போடுகிற ஒரு சாமான் உண்டு, 31-ஆம் நம்பர். இன்ன முகவரியில் இருக்கிற எண்ணை எடுத்துக் கணக்குப் போடு என்று சொன்னால் எந்த முகவரி என்று பார்க்காமலே எடுத்துவிடும். பயாஸின் முகவரியையே கொடுத்தால் பயாஸ் தன்னைத் தானே படித்துச் சொல்லும். உள்ளே போகமுடியாதவர், ஸ்டோர் ரூம்காரரையே அந்தப் பட்டியலைக் கொஞ்சம் வாசியுங்கள் என்று கேட்டு எழுதிக்கொண்ட கதை. இப்படித்தான் சொந்தக் கருவியிலிருந்து அந்த 16,384 பைட்டையும் எடுக்க வழி பிறந்தது.

இனி முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். மாஸ்டருக்கு வேண்டியது அண்டா. அது அந்த மண்டபத்து அண்டாவாகவே இருக்க வேண்டுமா? அதே அளவில், அதே கனத்தில் வேறு அண்டா வந்தாலும் பிரியாணி வெந்துவிடும். எமுலேட்டர் எழுதுகிறவர்கள் இதைத்தான் செய்தார்கள். 6 என்று கேம் கூப்பிட்டால் கம்பெனி எழுதிய வகுத்தல் புரோகிராமை ஓட்டுவதில்லை. எமுலேட்டரே வகுத்து விடையைக் கையில் கொடுத்துவிடுகிறது. எம்ஜிபிஏ என்ற எமுலேட்டரில் இப்படி ஒரு மாற்று பயாஸ் உள்ளேயே இருக்கிறது. செட்டிங்கில் ஹெச்எல்இ அல்லது ஹை லெவல் எமுலேஷன் என்று எங்காவது பார்த்தால் அது இந்த முறைதான். அசல் ஃபைலை வாங்கி, ஒவ்வொரு கட்டளையாக அப்படியே ஓட்டினால் அது எல்எல்இ, அதாவது லோ லெவல் எமுலேஷன்.

நம் வீட்டுப் பாத்திரங்களில் பேர் வெட்டியிருப்போம் இல்லையா? அதேபோல பயாஸிலும் ஒரு பேர் உண்டு. 13-ஆம் நம்பரைக் கூப்பிட்டால் பயாஸ் தன் மொத்த பைட்டுகளின் கூட்டுக் கணக்கைச் சொல்லும். நீ அசல்தானா என்று ஒரு கேம் சோதிக்க நினைத்தால் இதைக் கேட்கலாம். மாற்று பயாஸ் எழுதியவர்கள் அதையும் விடவில்லை. அசல் என்ன எண்ணைச் சொல்லுமோ அதே எண்ணைச் சொல்ல வைத்துவிட்டார்கள்.

அப்படியானால் அசல் ஃபைல் எதற்கு? ஆரம்பத்தில் வண்ண எழுத்துகள் பறந்து வந்து மணி அடிக்கிற காட்சி வேண்டும் என்றால் அசல் வேண்டும். ஒரே கார்ட்ரிட்ஜை வைத்துக்கொண்டு கேபிள் வழியாக இரண்டு பேர் ஆடும்போது, கார்ட்ரிட்ஜ் இல்லாத கருவி கேமை வாங்கிக்கொள்வது பயாஸின் வேலை. அதைச் சரியாகச் செய்யவும் அசல் நல்லது. நேரக் கணக்கு மயிரிழை பிசகாமல் வர வேண்டும் என்கிறவர்களும் அசலையே விரும்புவார்கள். வெறுமனே கேம் ஆட நினைக்கிறவருக்கு மாற்று பயாஸ் போதும்.

மற்ற கருவிகள்

நின்டெண்டோ டிஎஸ் 2004-இல் வந்தது. அதில் இரண்டு மூளைகள், ஆர்ம்9 ஒன்று, ஆர்ம்7 ஒன்று. ஆர்ம்9-க்கு 4 கிலோபைட் பயாஸ், ஆர்ம்7-க்கு 16 கிலோபைட் பயாஸ், இரண்டும் போக 256 கிலோபைட் ஃபர்ம்வேர். ஆக மூன்று ஃபைல். ஃபர்ம்வேரை வீட்டு டைரி என்று நினைத்துக்கொள்ளலாம். ஆன் செய்ததும் வருகிற மெனு, உங்கள் பெயர், பிறந்தநாள், மொழி, தொடுதிரையை எங்கே தொட்டால் எங்கே பதியும் என்ற அளவு, வைஃபை விவரம் எல்லாம் அதில் எழுதியிருக்கும். மெலன்டிஎஸ் என்ற எமுலேட்டர் ஒரு காலத்தில் இந்த மூன்றையும் கட்டாயம் கேட்டது. இப்போது மாற்று பயாஸோடு வருகிறது. டிஎஸ் மெனுவுக்கே போய்ப் பார்க்க வேண்டும் என்றால் மட்டும் அசல் வேண்டும்.

இங்கே ஒரு எச்சரிக்கை. உங்கள் டிஎஸ்ஸிலிருந்து எடுத்த ஃபர்ம்வேர் ஃபைலில் உங்கள் வீட்டு வைஃபை பெயரும் சாவியும் இருக்கும். நண்பன் கேட்டான் என்று வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடாதீர்கள். இன்னொன்று, பின்னால் வந்த டிஎஸ்ஐ அல்லது 3டிஎஸ் கருவியில் எடுத்த டிஎஸ் ஃபர்ம்வேரை வைத்து மெனுவை எழுப்ப முடியாது. அது பாதி டைரிதான். பழைய டிஎஸ் அல்லது டிஎஸ் லைட்டில் எடுத்தது வேண்டும்.

அடாரி லிங்க்ஸுக்கு 512 பைட் பூட் ரோம். கேம்பாய் பிறந்த அதே 1989-இல் வந்த கருவி. அதன் கார்ட்ரிட்ஜின் ஆரம்பப் பகுதி பூட்டிக் கிடக்கும், அதைத் திறக்கிற வேலை பூட் ரோமுடையது. பல எமுலேட்டர்களை ஒரே இடத்தில் சேர்த்து வைத்திருக்கிற ரெட்ரோஆர்ச்சில் லிங்க்ஸ் ஆட நினைத்தால் இந்த ஃபைல் பெரும்பாலும் கட்டாயம்.

சோனியின் பிஎஸ்பி 2004 டிசம்பரில் வந்தது. அதற்கு இருக்கிற பிபிஎஸ்எஸ்பிபி எமுலேட்டர் 2012-இல் வந்த நாள் முதலாக பயாஸே கேட்பதில்லை. கருவியின் இயங்குதளம் செய்கிற வேலைகளையெல்லாம் அதுவே திரும்ப எழுதிக்கொண்டுவிட்டது. பிஎஸ்பி பயாஸ் என்று யாராவது ஒரு ஃபைலை நீட்டினால் வாங்காதீர்கள். அதற்குப் பின் வந்த பிஎஸ் விட்டா கருவிக்கான விட்டா3கே எமுலேட்டரின் கதை இன்னும் சுலபம்: ஃபர்ம்வேர் கட்டாயம், ஆனால் அதை சோனியே தன் தளத்தில் எல்லோருக்கும் கொடுக்கிறது.

எங்கே வைப்பது, எப்படிச் சரிபார்ப்பது

ஃபைல் கையில் இருந்தும் எமுலேட்டர் காணோம் என்று சொன்னால் பெரும்பாலும் மூன்று காரணம்தான். இடம், பெயர், உள்ளடக்கம்.

ரெட்ரோஆர்ச் சிஸ்டம் என்ற ஃபோல்டரில் தேடும். கையடக்கக் கருவிகளில் மெமரி கார்டில் பயாஸ் என்ற பெயரிலேயே ஒரு ஃபோல்டர் இருக்கும். எம்ஜிபிஏவைத் தனியாகப் போட்டிருந்தால் செட்டிங்கில் போய் ஃபைல் எங்கே இருக்கிறது என்று நாமே காட்டலாம். கேம் ஃபைல்களோடு கலந்து போட்டுவிட்டு வரவில்லை என்று சொல்கிறவர்கள் நிறைய.

பெயர் விஷயத்தில் ஒரு எழுத்து பிசகக்கூடாது. கேம்பாய் அட்வான்ஸுக்கு ஜிபிஏ, அடிக்கோடு, பயாஸ், புள்ளி, பின் (gba_bios.bin) என்று எல்லாமே ஆங்கிலச் சின்ன எழுத்தில் இருக்க வேண்டும். விண்டோஸ் பெரிய எழுத்து, சின்ன எழுத்து வித்தியாசம் பார்க்காது. இந்தச் சின்னக் கருவிகள் பலவற்றில் உள்ளே ஓடுவது லினக்ஸ், அது பார்க்கும். கம்ப்யூட்டரில் சரியாக ஓடியது கருவியில் ஓடவில்லை என்றால் முதலில் பெயரைப் பாருங்கள். பெயர் சரியாக இருந்து, ஜிப் ஆக இருந்தாலும் ஆகாது. பிரித்து வைக்க வேண்டும்.

உள்ளடக்கத்தைச் சரிபார்க்க முதல் வழி அளவு. கேம்பாய் 256 பைட், லிங்க்ஸ் 512, கேம்பாய் அட்வான்ஸ் 16,384, டிஎஸ்ஸின் இரண்டு பயாஸும் 4,096 மற்றும் 16,384, டிஎஸ் ஃபர்ம்வேர் பொதுவாக 2,62,144. கேம்பாய் அட்வான்ஸ் பயாஸ் என்று சொல்லி 5 எம்பியில் ஒன்று வந்தால் அது வேறு எதுவோ. திறக்காமலே அழித்துவிடுங்கள்.

அளவு சரியாக இருந்தும் உள்ளே ஒரு பைட் கெட்டிருக்கலாம். அதற்கு எம்டி5 என்று ஒன்று உண்டு. பத்திர ஆபீசில் கைரேகை வைக்கிறோம் அல்லவா, அதுபோல ஃபைலுக்கு ஒரு ரேகை. 32 இலக்கத்தில் வரும். உள்ளே ஒரு பிட் மாறினாலும் ரேகை மொத்தமாக மாறிவிடும். எமுலேட்டரின் உதவிப் பக்கத்தில் சரியான ரேகையைக் கொடுத்திருப்பார்கள், உங்கள் ஃபைலின் ரேகையோடு ஒத்துப்போகிறதா என்று பாருங்கள். போனில் இதற்கென்றே சின்னச் செயலிகள் இருக்கின்றன.

ஃபைல் எங்கிருந்து வரவேண்டும்

மருமகன் என்னிடம் வருவதற்கு முன்பே ஒரு வேலை செய்திருந்தான். தேடலில் முதலில் வந்த ஏதோ ஒரு தளத்திலிருந்து எல்லாக் கருவிகளின் பயாஸும் ஒரே கட்டில் என்று ஒன்றை இறக்கியிருந்தான். பிரித்துப் பார்த்தால் உள்ளே பயாஸ் இல்லை, போனில் நிறுவச் சொல்லும் ஒரு செயலி. நிறுவியும் விட்டான். அன்றிலிருந்து பூட்டிய திரையிலேயே விளம்பரம் வந்துகொண்டிருந்தது. அதை நீக்க எங்களுக்கு அரைமணி நேரம் பிடித்தது. நல்லவேளை, அக்காவின் போன் இல்லை, அவனுடைய பழைய போன்.

வைரஸ் பயம் ஒரு பக்கம். உரிமை விஷயத்தையும் நான் லேசாக எடுத்துக்கொள்வதில்லை. பயாஸ் ஒரு கம்ப்யூட்டர் புரோகிராம், பதிப்புரிமை உள்ளது. நம் நாட்டு 1957-ஆம் வருடக் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு, கம்ப்யூட்டர் புரோகிராமின் பிரதியைச் சட்டப்படி வைத்திருப்பவருக்குச் சில சலுகைகள் தருகிறது. தொலைந்துபோனால் உதவும் என்று காப்பு நகல் எடுத்துக்கொள்ளலாம். நியாயமாகப் பெற்ற பிரதியிலிருந்து வியாபாரம் இல்லாத சொந்த உபயோகத்துக்கு நகல் எடுக்கலாம். இரண்டுமே நம் கையில் ஒரு நியாயமான பிரதி இருக்கிறது என்பதிலிருந்துதான் தொடங்குகின்றன. யாரோ எடுத்ததை எங்கிருந்தோ இறக்குவதை இந்தச் சலுகை தாங்காது. அதனால் என் கணக்கு எளிது: அசல் பயாஸ் வேண்டும் என்றால் சொந்தக் கருவியிலிருந்து எடுப்பேன், கருவி இல்லை என்றால் மாற்று பயாஸே போதும்.

மாற்று பயாஸ் எழுதுவது சரியா என்ற கேள்வி ஒருமுறை நீதிமன்றம் வரைக்கும் போயிருக்கிறது. கனெக்டிக்ஸ் என்ற கம்பெனி 1999-இல் பிளேஸ்டேஷன் கேம்களை மேக் கம்ப்யூட்டரில் ஓட்டுகிற மென்பொருளை விற்றது. சோனியின் பயாஸ் எப்படி வேலை செய்கிறது என்று நகலெடுத்து ஆராய்ந்துவிட்டு, விற்ற மென்பொருளில் தாங்களே எழுதிய பயாஸை வைத்தார்கள். சோனி வழக்குப் போட்டது. 2000-இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம், அப்படி ஆராய்வதற்காக நகலெடுத்தது நியாயமான பயன்பாடுதான் என்று தீர்ப்புச் சொன்னது. மறு வருடம் சோனியே அந்த மென்பொருளை விலைக்கு வாங்கி நிறுத்திவிட்டது. ஆனால் தீர்ப்பு நிலைத்துவிட்டது. மாற்று பயாஸ் எழுதுகிறவர்கள் இன்றும் அதைத்தான் எடுத்துக் காட்டுகிறார்கள்.

இவ்வளவும் சொல்லி முடித்துவிட்டு மருமகனின் கருவியை வாங்கிப் பார்த்தேன். ரெட்ரோஆர்ச்சில் எம்ஜிபிஏவின் விவரப் பக்கம். பயாஸ் பெயருக்குப் பக்கத்தில் மிஸ்ஸிங் என்று இருந்தது உண்மைதான். அதே வரியில் ஆப்ஷனல் என்றும் இருந்தது. முதல் சொல்லைப் பார்த்துப் பயந்தவன் அடுத்த சொல்லைப் படிக்கவில்லை. அப்படியானால் கேம் ஏன் ஓடவில்லை? என் கார்ட்ரிட்ஜிலிருந்து நான் எடுத்துக் கொடுத்த கேம் ஃபைல்தான் அது. அந்த கார்ட்ரிட்ஜ்கள் பொதுவாக 4, 8, 16, 32 எம்பி என்றுதான் இருக்கும். அவன் கருவியில் இருந்தது 5 எம்பியும் சொச்சமும். பென் டிரைவைப் பாதியில் பிடுங்கியிருக்கிறான். மறுபடி முழு 8 எம்பியையும் காப்பி செய்தோம். பயாஸ் எதுவும் இல்லாமல் கேம் ஓடியது.

கொஞ்ச நேரம் ஆடினான். அப்புறம் நிமிர்ந்து, "மாமா, உன் மிஷின்ல ஆன் பண்ணா எழுத்தெல்லாம் பறந்து வரும்ல, இதுல வரலியே" என்றான்.

அலமாரியிலிருந்து என் பழைய கேம்பாய் அட்வான்ஸ் எஸ்பியை எடுத்தேன். பல வருடம் முன்பு சென்னை பர்மா பஜாரில் வாங்கியது, கீல் கொஞ்சம் தளர்ந்திருக்கிறது. மெமரி கார்டு போடக்கூடிய கார்ட்ரிட்ஜ் ஒன்றைச் செருகி, அந்த 31-ஆம் நம்பர் பின்வாசலைப் பயன்படுத்துகிற சின்ன புரோகிராமை ஓட்டினேன். கார்டை கம்ப்யூட்டரில் போட்டு அவனையே அளவைப் படிக்கச் சொன்னேன். பதினாறாயிரத்து முந்நூற்று எண்பத்து நாலு என்று எழுத்துக்கூட்டிப் படித்தான். ரேகையைச் சரிபார்த்தோம். பெயரைச் சின்ன எழுத்தில் அவனே தட்டினான். கருவியை ஆன் செய்ததும் வண்ண எழுத்துகள் ஒவ்வொன்றாகப் பறந்து வந்து வரிசையில் நின்றன, மணி அடித்தது. அணைத்துவிட்டு மறுபடி ஆன் செய்தான். சாயங்காலம் வெயில் தாழ்ந்து அவன் கிளம்புகிறவரை அந்தச் சத்தம் வீட்டில் கேட்டுக்கொண்டே இருந்தது.